கம்புக்கு அடியில் ஒரு கப்பல்

முதலிலேயே ஒரு வாக்குமூலம். எனக்கு டான்ஸ் வராது. கல்யாண ஊர்வலத்தில் நண்பர்கள் கையைப் பிடித்து இழுத்தால்கூட, செருப்பு அறுந்துவிட்ட மாதிரி பாவனை பண்ணி ஓரமாக ஒதுங்கிவிடுகிற ரகம்.

அப்படிப்பட்டவனைப் போய் ஆபீஸ் ஆண்டு விழாவில் ஆட வைத்தார்கள்.

கிழக்குக் கடற்கரைச் சாலையில் ஒரு ரிசார்ட். பிரியாணி இரண்டு ரவுண்டு முடிந்து, கண் சொருகுகிற நேரம். மைக் பிடித்த இளைஞன் ஒருவன், "இப்போ டீம் பில்டிங்!" என்று கத்தினான். இரண்டு பேர் ஆளுக்கொரு முனையாக ஒரு மூங்கில் கம்பைப் பிடித்துக்கொண்டார்கள். டமடமவென்று ஒரு பாட்டு. "லிம்போ! லிம்போ! கம்புக்கு அடியில போகணும். முன்னால குனிஞ்சா அவுட். பின்னால வளையணும்!"

அக்கவுன்ட்ஸ் செக்‌ஷன் சார்பில் என்னைத் தள்ளிவிட்டார்கள். "போங்க சார், ஜி.எம். பார்க்கிறார். இன்க்ரிமென்ட் டயம்" என்றான் பக்கத்து சீட் புண்ணியவான்.

முதல் ரவுண்டில் கம்பு மார்பு உயரம். சட்டைப் பித்தானோடு தப்பித்தேன். இரண்டாவது ரவுண்டில் இடுப்பு உயரம். வளைந்தேன். அதாவது, வளைந்ததாக நினைத்தேன். 'சொத்'தென்று ஒரு சத்தம். வானம் தெரிந்தது. வானத்துக்குக் கீழே என்னைச் சுற்றி நாற்பது பேர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்துக்கொண்டிருந்தார்கள். நான் வீடு போய்ச் சேர்வதற்குள் வீடியோ போய்ச் சேர்ந்துவிட்டது. மனைவி நாலு தடவை பார்த்துவிட்டுத்தான் தைலத்தை எடுத்தாள்.

டாக்டர், "மூணு நாள் அசையக்கூடாது" என்றார். அசையாமல் படுத்துக்கொண்டு மனுஷன் என்ன செய்வான்? செல்போன்தான். அடுத்த வருஷம் டெஸ்பாட்ச் செக்‌ஷன்காரனைத் தோற்கடித்தே தீருவது என்ற வைராக்கியத்தில், 'லிம்போ ஆடுவது எப்படி?' என்று தேட ஆரம்பித்தேன். டெக்னிக் கிடைத்தது. கூடவே ஒரு கப்பலும் வந்தது. சத்தியமாக அதை நான் தேடவில்லை.

* * *

லிம்போவின் சொந்த ஊர் டிரினிடாட். நம் பிரையன் லாரா ஊர். ஆரம்பத்தில் இது பார்ட்டி டான்ஸே இல்லையாம். சாவு வீட்டில் ராத்திரி கண் விழிக்கும்போது ஆடியது! 1950களில் ஜூலியா எட்வர்ட்ஸ் என்ற டிரினிடாட் நடனக்காரப் பெண்மணி இதை மேடைக்குக் கொண்டுவந்தார். கம்பில் தீ வைத்து அதற்கு அடியிலும் போய்க் காட்டினார். 1962ல் அமெரிக்காவில் சப்பி செக்கர் 'லிம்போ ராக்' என்று ரிக்கார்டு போட, உலகத்தில் இருக்கிற ஓட்டலுக்கெல்லாம் கம்பு போய்ச் சேர்ந்தது. கடைசியில் என் இடுப்புக்கும் வந்தது.

சாவு வீட்டில் எதற்கு இப்படி வளையணும்?

கரீபியன் பக்கம் இதற்கு ஒரு கதை சொல்கிறார்கள். கயானா நாட்டு நாவலாசிரியர் வில்சன் ஹாரிஸ் 1970ல் ஒரு சொற்பொழிவில் அதை எடுத்துப் பேசினார். ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளை ஏற்றி வந்த கப்பலில் நிமிர இடம் கிடையாது. உடம்பைச் சிலந்தி மாதிரி மடக்கிக்கொண்டுதான் நகர முடியும். அந்த உடம்பின் ஞாபகம்தான் லிம்போ என்கிறது கதை. வளைந்து உள்ளே போய், அந்தப் பக்கம் நிமிர்ந்து வெளியே வருவது.

இது நடந்த சரித்திரமா, பின்னால் வந்த கற்பனையா? பத்திரம் எழுதிக் கையெழுத்துப் போட ஆள் கிடையாது. ஆனால் கப்பலில் இடமில்லை என்பதற்கு மட்டும் பத்திரம் இருக்கிறது. 'புரூக்ஸ்' என்ற ஆங்கிலக் கப்பலின் வரைபடத்தை அடிமை ஒழிப்புக்காரர்கள் 1788ல் அச்சடித்து ஊரெல்லாம் ஒட்டினார்கள். நீங்களும் பார்த்திருப்பீர்கள். தீக்குச்சி அடுக்கினாற்போல் மனிதர்கள். ஓர் ஆணுக்கு ஒதுக்கிய இடம் ஆறடி நீளம், ஓரடி நாலங்குல அகலம். நடுவில் பலகைத் தட்டு அடித்து அதன் மேலும் ஓர் அடுக்கு ஆட்கள். தலைக்கு மேல் சுமார் இரண்டரை அடி.

'தாம்பரம் எலெக்ட்ரிக் டிரெயின் மாதிரி' என்று எழுத வந்தேன். எழுதக் கை வரவில்லை. நாம் அடுத்த ஸ்டேஷனில் இறங்கிவிடுவோம். அவர்களுக்கு அது ஒன்றரை மாசம், இரண்டு மாசம்.

மொத்தம் எத்தனை பேர்? கப்பல் கணக்குகளைச் சேர்த்துக் கூட்டியவர்கள் சொல்வது: 36,000 பயணங்களுக்கு மேல். ஏற்றப்பட்டவர்கள் சுமார் 1 கோடியே 25 லட்சம். கரை இறங்கியவர்கள் சுமார் 1 கோடியே 7 லட்சம். நானும் அக்கவுன்ட்ஸ் ஆள்தான். கழித்துப் பார்க்காமல் இருக்க முடியவில்லை. பதினெட்டு லட்சம் பேர் கடலோடு போனார்கள்.

* * *

படுத்துக்கொண்டு மேலே மேலே படித்ததில், என்னை உட்கார வைத்த விஷயம் ஒன்று உண்டு. (டாக்டர் சொல்லியும் உட்கார்ந்தேன்.)

அந்தக் கப்பலிலேயே டான்ஸ் இருந்தது.

ஆமாம் சார். வானிலை நன்றாக இருக்கும் நாளில் அடிமைகளை மேல்தளத்துக்குக் கொண்டுவந்து, 'ஆடு' என்பார்கள். காலில் விலங்கு அப்படியே இருக்கும். ஒருவன் டிரம்மோ பிடிலோ வாசிப்பான். ஆடாதவனுக்குப் பின்னால் சாட்டையோடு ஒருத்தன். அந்தச் சாட்டைக்கு ஒன்பது வால். அடிமைக் கப்பல்களில் டாக்டராகப் போய், மனசு வெறுத்து, 1788ல் புத்தகம் எழுதிய அலெக்சாண்டர் ஃபால்கன்பிரிட்ஜ் இதையெல்லாம் விவரிக்கிறார். எதற்கு டான்ஸ்? எக்சர்சைஸ்! கை கால் விளங்காமல் போனால் சந்தையில் விலை குறையும். அவ்வளவுதான் காரணம்.

பிரிஸ்டல் நகரத்துக் கப்பல் ஒன்று. பெயர் 'ரெக்கவரி'. கேப்டன் ஜான் கிம்பர். 1791ல் அந்தக் கப்பலில் சுமார் பதினைந்து வயசுப் பெண் ஒருத்தி. உடம்பு சரியில்லாதவள். மற்றவர்களோடு சேர்ந்து ஆட மறுத்தாள். அவளைக் காலில் கயிறு கட்டி, தலைகீழாகத் தூக்கி, கேப்டன் சாட்டையால் அடித்தான், அடுத்த சில நாட்களில் அவள் செத்துப்போனாள் என்று, 1792 ஏப்ரல் 2ந் தேதி பிரிட்டிஷ் பார்லிமென்டில் எழுந்து சொன்னார் வில்பர்ஃபோர்ஸ். ஊரே கொதித்தது. கார்ட்டூன்கூடப் போட்டார்கள். கிம்பரைப் பிடித்துக் கொலை வழக்குப் போட்டார்கள். ஜூன் மாசம் விசாரணை. கப்பல் டாக்டர் சாட்சி சொன்னார். மூன்றாவது மேட்டும் சொன்னார்.

தீர்ப்பு? விடுதலை. கேப்டனுக்கு! சாட்சி சொன்னவர்கள் மேல் பொய் சாட்சி வழக்கு.

ஆண்டு விழா வீடியோவை மறுபடி ஒரு தடவை போட்டுப் பார்த்தேன். மைக் இளைஞன், "ஆடுங்க சார், ஆடுங்க!" என்று விரட்டுகிறான். எல்லோரும் சிரிக்கிறார்கள். நானும்தான். இந்த முறை எனக்குச் சிரிப்பு வரவில்லை.

* * *

யோசித்துப் பாருங்கள். சாட்டைக்குப் பயந்து ஆடியவர்களின் பேரப்பிள்ளைகள் டான்ஸையே வெறுத்திருக்க வேண்டாமோ? நடந்தது நேர்மாறு.

கொண்டுவந்த சாமான் என்று எதுவும் கிடையாது. துணி கிடையாது. பாஷை பேசினால் பக்கத்தில் இருப்பவனுக்குப் புரியாது. பெயரைக்கூட எஜமான் மாற்றிவிட்டான். உடம்பு ஒன்றுதான் மிச்சம். அதில் எதை ஒளித்து வைக்க முடியுமோ அதை வைத்தார்கள்.

1739ல் தென் கரோலினாவில் ஸ்டோனோ ஆற்றங்கரையில் அடிமைகள் கலகம் செய்தார்கள். டிரம் அடித்து ஆள் சேர்த்துக்கொண்டு நடந்தார்கள். கலகத்தை அடக்கியதும், 1740ல் வந்த சட்டம் டிரம்மைத் தடை செய்தது. டிரம் இல்லையா? சரி, தொடை இருக்கிறதே, மார்பு இருக்கிறதே, உள்ளங்கை இருக்கிறதே! உடம்பையே தட்டித் தாளம் போட்டார்கள். அதற்கு 'ஜூபா' என்று பெயர். இன்றைக்கு டாப் டான்ஸ் என்று பளபளக்கிற பூட்ஸோடு ஆடுகிறார்களே, அதன் முப்பாட்டன்களில் இதுவும் ஒன்று.

ஜார்ஜியா பக்கம் இன்னொரு வேடிக்கை. சர்ச்சில் நடனம் பாவம் என்றார்கள். இவர்கள் வட்டமாக நின்று, கைதட்டிப் பாடி, கும்மி மாதிரி சுற்றி வந்தார்கள். ஆனால் ஒரு காலை இன்னொரு கால் குறுக்கே தாண்டாது. கேட்டால், 'கால் தாண்டினால்தானே டான்ஸ்? இது பிரார்த்தனை!' 'ரிங் ஷவுட்' என்று பெயர். இந்தக் காலத்திலும் இதை ஆடுகிற குழு அங்கே உண்டு.

பிரேசிலின் கபோய்ராவை சினிமாவில் பார்த்திருப்பீர்கள். சண்டையா, நடனமா என்று கண்டுபிடிக்க முடியாத ஆட்டம். அங்கே அடிமை முறை 1888ல் ஒழிந்தது. இரண்டே வருஷத்தில், 1890ல், கபோய்ரா ஆடுவது கிரிமினல் குற்றம் என்று சட்டம் போட்டார்கள். போலீஸ் வருகிறது என்று சொல்ல வாத்தியத்திலேயே தனித் தாளம் வைத்திருந்தார்களாம். அதே ஆட்டத்தை 2014ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியக் கலைகளில் சேர்த்தது. சர்க்கார்கள் எப்போதும் இப்படித்தான், கொஞ்சம் லேட்.

* * *

மூன்று நாள் லீவு ஐந்து நாளாக நீண்டது. (முதுகு வலிதான் காரணம் என்று ஆபீஸில் சொல்லியிருக்கிறேன். நீங்களும் அப்படியே சொல்லுங்கள்.) டான்ஸிலிருந்து நாடகத்துக்கு வந்திருந்தேன்.

என்னைக் கேட்டால், இந்த விஷயத்தில் சினிமாவை விட நாடகம்தான் உசத்தி. சினிமாவில் கப்பலையே கட்டிவிடுவார்கள். நாம் பாப்கார்னோடு உட்கார்ந்து பார்ப்போம். நாடகத்தில் கப்பல் கிடையாது. பார்க்கிறவன்தான் கட்டிக்கொள்ள வேண்டும்.

அமிரி பராகா 1967ல் 'ஸ்லேவ் ஷிப்' என்று ஒரு நாடகம் எழுதினார். வசனம் ரொம்பக் கொஞ்சம். இருட்டு, சங்கிலிச் சத்தம், முனகல், குழந்தை அழுகை. நாற்றம்கூட வரவேண்டும் என்று குறிப்பு எழுதி வைத்திருக்கிறார். டிக்கெட் வாங்கி உள்ளே போனவன், இருட்டில் தானும் ஏற்றப்பட்டுவிட்டோமோ என்று பயப்படணும்.

ஆகஸ்ட் வில்சன் வேறு தினுசு. அவருடைய 'ஜெம் ஆஃப் தி ஓஷன்' முதலில் 2003ல் சிகாகோவில் மேடையேறியது. கதை நடப்பது 1904ல், பிட்ஸ்பர்க் நகரத்தில். எஸ்தர் என்று ஒரு பாட்டி. வயசு 285! கணக்குப் போடுங்கள், பிறந்த வருஷம் 1619. ஆங்கிலேயரின் வர்ஜீனியாவில் முதல் ஆப்பிரிக்கர்கள் வந்து இறங்கிய அதே வருஷம். பாவம் செய்துவிட்டு மனசு உறுத்துகிற ஓர் இளைஞன் பாட்டியிடம் வருகிறான். பாட்டி ஒரு பழைய காகிதத்தை மடித்துக் கப்பல் செய்து அவன் கையில் கொடுக்கிறாள். காகிதக் கப்பல்! மழைக்காலத்தில் நாம் வாசலில் விட்டோமே, அதேதான். அது என்ன காகிதம் தெரியுமா? பாட்டியை விற்ற ரசீது.

அதைப் பிடித்துக்கொண்டு அந்த இளைஞன் உட்கார்ந்த இடத்திலேயே கடலுக்குள் போகிறான். கடலுக்கு அடியில் ஒரு நகரம். கரை சேராமல் செத்தவர்களின் எலும்பால் கட்டிய நகரம். மேடையில் ஒரு சொட்டுத் தண்ணீர் கிடையாது. ஒரு ரசீதும் நாலு பேர் குரலும்தான்.

இங்கிலாந்துக் கலைஞர் செலினா தாம்ப்சன் மேடைக்கு வருமுன்னால் கப்பலிலேயே ஏறிவிட்டார். 2016ல் ஒரு சரக்குக் கப்பலில் கானா, அங்கிருந்து ஜமைக்கா, பிறகு வீடு என்று பழைய அடிமை வியாபாரப் பாதையை அப்படியே சுற்றி வந்தார். கப்பலில் பட்ட அவமானம் உள்பட எல்லாவற்றையும் 'சால்ட்' என்று தனிநபர் நாடகமாக்கினார். மேடையில் ஒரு பெரிய உப்புப் பாறை. சம்மட்டியை எடுத்து உடைக்கிறார். உடைக்கிறார். உடைத்துக்கொண்டே இருக்கிறார். சில்லு தெறிக்கும் என்பதால் முன்வரிசைக்காரர்களுக்குக் கண்ணாடி. நாடகம் முடிந்து போகும்போது ஆளுக்கொரு உப்புத் துண்டு கையில் கொடுத்து அனுப்புவார். வீட்டுக்குக் கொண்டுபோய் என்ன செய்வது? பீரோவில் வைக்கவும் முடியாது, குழம்பில் போடவும் மனசு வராது. அதற்குத்தானே கொடுக்கிறார்!

கிம்பரின் ஊர் பிரிஸ்டல் என்றேனே. அந்த நகரமே அடிமை வியாபாரத்தில் பணம் பண்ணிய நகரம். அங்கே 1766ல் திறந்த ஒரு தியேட்டர் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது: பிரிஸ்டல் ஓல்ட் விக். 2022ல் அதில் 'தி மீனிங் ஆஃப் ஸாங்' என்ற நாடகம் போட்டார்கள். எழுதி நடித்தவர் ஜைல்ஸ் டெரரா. 'ஸாங்' கப்பல் கதை என் மாதிரி கணக்குப்பிள்ளைகள் கட்டாயம் தெரிந்துகொள்ள வேண்டியது. 1781ல் தண்ணீர் போதாது என்று காரணம் சொல்லி 130 பேருக்கு மேல் உயிரோடு கடலில் தள்ளினார்கள். ஊர் திரும்பி, 'சரக்கு நஷ்டம்' என்று இன்ஷூரன்ஸ் கேட்டார்கள். 1783ல் வழக்கு கோர்ட்டுக்குப் போனது. கொலை வழக்கு இல்லை சார். பாலிசிப் பணம் உண்டா, இல்லையா என்ற வழக்கு! முன்னாள் அடிமை ஒலாடா எக்வியானோ அந்தச் செய்தியை எடுத்துக்கொண்டு ஓடிப்போய் கிரான்வில் ஷார்ப் என்ற நல்ல மனிதரிடம் சொன்னார். அப்புறம்தான் உலகத்துக்குத் தெரிந்தது. அந்த எக்வியானோவாக டெரராவே நின்றார், பிரிஸ்டல் வியாபாரிகள் அந்தக் காலத்தில் உட்கார்ந்து நாடகம் பார்த்த அதே கட்டடத்தில்.

ஆப்பிரிக்காவிலும் சும்மா இருந்துவிடவில்லை. கானா நாட்டு நாடக ஆசிரியை எஃபுவா சதர்லாண்டின் யோசனைப்படி, 1992ல் அங்கே 'பனாஃபெஸ்ட்' என்ற நாடக விழா தொடங்கியது. இரண்டு வருஷத்துக்கு ஒரு முறை. நடக்கிற இடங்களில் ஒன்று கேப் கோஸ்ட் கோட்டை. அடிமைகளை அடைத்து வைத்திருந்த நிலவறை கீழே. வெள்ளைக்காரர்கள் கும்பிட்ட சர்ச் அதற்கு மேலே. கடலைப் பார்த்து ஒரு கதவு. 'திரும்பாத வாசல்' என்று பெயர். 1998ல் ஜமைக்காவிலிருந்து ஒன்றும் அமெரிக்காவிலிருந்து ஒன்றுமாக, இரண்டு அடிமைகளின் எலும்புகளைக் கொண்டுவந்து அந்த வாசல் வழியாகவே உள்ளே எடுத்துப்போய் அடக்கம் பண்ணினார்கள். கதவுக்கு வெளிப்பக்கம் இப்போது வேறு போர்டு: 'திரும்பும் வாசல்'. அதை நாடகம் என்பீர்களா, கருமாதி என்பீர்களா? எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

* * *

டிரினிடாடில் நம் ஆட்களும் உண்டு. 1838ல் பிரிட்டிஷ் தீவுகளில் அடிமைகளுக்கு முழு விடுதலை கிடைத்ததும், கரும்புத் தோட்டத்துக்கு ஆள் வேண்டுமே என்று இந்தியாவிலிருந்து கூலிகளைப் பிடித்தார்கள். டிரினிடாடுக்கு முதல் கப்பல் 1845ல் கல்கத்தாவிலிருந்து போனது. பிறகு சென்னையிலிருந்தும் கப்பல்கள் போயின. 'அதுவும் இதுவும் ஒண்ணுதானே?' என்று என் நண்பன் கேட்டான். இல்லை. கஷ்டம் உண்டு, ஏமாற்று உண்டு, கடலில் செத்தவர்கள் உண்டு. ஆனால் நம் ஆளுக்கு ஒப்பந்தக் காகிதம் உண்டு. பெயர், அப்பா பெயர், ஊர் என்று எழுதிய சீட்டு உண்டு. அதை வைத்துக்கொண்டு நாலு தலைமுறை கழித்தும் ஒருத்தர் தன் கிராமத்தைத் தேடி வரலாம். அடிமைக் கப்பல் கணக்கில் பெரும்பாலும் 'ஆண் இத்தனை, பெண் இத்தனை, பையன் இத்தனை, சிறுமி இத்தனை' என்பதோடு சரி. அதனால்தான் அவர்கள் ஆடித் தேட வேண்டியிருக்கிறது என்று நினைக்கிறேன்.

* * *

போன மாசம் இந்த வருஷத்து ஆண்டு விழா. அதே ரிசார்ட், அதே பிரியாணி. மைக் இளைஞனும் அவனே. "லிம்போ!" என்றான்.

நான் போய், "தம்பி, ஒரு ரெண்டு நிமிஷம் மைக் குடு" என்றேன். ஜி.எம். உட்பட எல்லோரும் ஜோக் என்று நினைத்துக் கைதட்டினார்கள். டிரினிடாட், சாவு வீடு, கப்பல், சாட்டை, அந்தப் பெண்... எனக்குத் தெரிந்த மாதிரி சொன்னேன். இரண்டு நிமிஷம் ஏழு நிமிஷமாகிவிட்டது. ஆடவேண்டாம் என்று சொல்லவில்லை. டிரினிடாடுக்காரர்களே சிரித்துக்கொண்டுதான் ஆடுகிறார்கள்; நான் யார் தடுக்க? ஆனால், கொஞ்ச நேரம் யாரும் கம்பைத் தூக்கவில்லை. எச்.ஆர். மேடம், "சார், மூட் அவுட் பண்ணிட்டீங்களே" என்றார். அதுவும் நியாயம்தான்.

அப்புறம் ஆடினார்கள். பாட்டு சத்தத்தைக் குறைத்து வைத்தான் அந்தத் தம்பி. நான் இரண்டாவது ரவுண்டில் அவுட். டெஸ்பாட்ச்காரன்தான் இந்த வருஷமும் ஜெயித்தான்.

பஸ்ஸில் திரும்பி வரும்போது, புதுசாகச் சேர்ந்த டிரெய்னிப் பையன் பின் சீட்டிலிருந்து எட்டிப் பார்த்தான்.

"சார், ஒரு டவுட். அந்தப் பொண்ணு பேர் என்ன?"

"எந்தப் பொண்ணு?"

"ஆடமாட்டேன்னு சொல்லிச்சே."

கோர்ட்டில் கேப்டன் பெயர் இருக்கிறது. கப்பல் பெயர் இருக்கிறது. சாட்சி சொன்னவர்கள் பெயர், கார்ட்டூன் போட்டவர் பெயர்கூட இருக்கிறது.

"எழுதி வைக்கலைப்பா" என்றேன்.

பையன் ஒன்றும் சொல்லவில்லை. ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான். அடையார் வரைக்கும் அப்படியே வந்தான்.